கோர்டோபாவில் ஆர் நிக்கினம்?

1

நேற்றோடு இந்த வேலையில் எனக்கு மூன்று மாதம் முடிந்தது. அது பரீட்சைக் காலம், முடிந்ததும் நிரந்தரமாக வைத்திருக்கிறோமா இல்லையா என்று சொல்வோம் என்று முதல் நாளே கடிதம் தந்திருந்தார்கள். நேற்று அந்த இரண்டில் ஒன்றும் சொல்லப்படவில்லை. ஆகவேதான் இதை எழுதுகிறேன். நான் செய்தது சரியா பிழையா என்று எனக்கு விளங்கவில்லை. ஊரில் இருந்து வாசிக்கிறவர்களுக்கு விளங்கினால் நல்லது.

வேலை ரொறொன்ரோ நகரத்தின் நடுவில் ஒரு பயண முகவர் நிலையத்தில். ஸ்காபரோவில் எங்கள் ஆட்கள் வைத்திருக்கும் ரிக்கற் கடைகளைப்போல அல்ல. அங்கே கொழும்புக்கு எப்போது மலிவு, எத்தனை கிலோ கொண்டு போகலாம் என்பதுதான் பேச்சு. இங்கே வருகிறவர்களுக்கு எங்கும் போகவேண்டிய அவசியமே இல்லை. ஆனாலும் போகிறார்கள். அவர்கள் எங்கே போய் எதைப் பார்த்து என்ன சாப்பிடலாம் என்று மணிக்கணக்கு வைத்து எழுதிக் கொடுப்பது என் வேலை.

எங்கள் வீட்டில் தன் பெயரை எழுதத் தெரிந்த முதல் ஆள் நான். ஐயாவும் அம்மாவும் கைநாட்டுத்தான். எனக்குப் பதினொரு வயதிலேயே எங்கள் ஒழுங்கை ஆட்கள் விண்ணப்பப் படிவம் நிரப்ப என்னிடம் வந்தார்கள். அந்தச் சண்டைக் காலத்தில் கொழும்புக்குப் போக அனுமதி கேட்கும் படிவங்களில் "பயணத்தின் நோக்கம்" என்ற இடத்தில் என்ன எழுதவேண்டும் என்று எனக்கு அப்போதே தெரியும். வைத்தியம், கலியாணம், செத்தவீடு, பாஸ்போட். பார்க்கப் போகிறோம் என்று யாருக்கும் நான் எழுதிக் கொடுத்ததில்லை.

இங்கே என் மேசையில் என் பெயர் பொறித்த பலகை ஒன்று இருக்கிறது. வேலை தொடங்கிய வாரம் அம்மா எங்கள் வீடு இருக்கும் மல்வேர்னில் இருந்து பஸ்ஸும் ரயிலும் மாறி வந்து, வாசலுக்கு வெளியே நின்று கண்ணாடியால் அந்தப் பலகையைப் பார்த்துவிட்டு, உள்ளே வராமலே திரும்பிப் போய்விட்டார். மாலை வீட்டுக்குப் போன பிறகுதான் எனக்குத் தெரியும்.

"உள்ளுக்கு வந்திருக்கலாமே அம்மா."

"என்னத்துக்கு? வாசிக்கத் தெரியாட்டிலும் உன்ர பேர் எண்டு தெரிஞ்சுது. காணும்."

2

என் மேலாளர் ஹெலன் எனக்கென்று தனியாகத் தந்த முதல் கோப்பு ஒரு வயதான தம்பதியுடையது. மார்கரெட் ஓய்வுபெற்ற ஆசிரியை. மாலை வகுப்புக்குப் போய் ஸ்பானிஷ் படித்தவர். கணவர் வோல்ட்டர் அதிகம் பேசமாட்டார். ஸ்பெயினில் இரண்டு கிழமை நிற்கப் போகிறார்கள். அதில் ஒரு வெள்ளி, சனி, ஞாயிறு கோர்டோபா என்ற பழைய நகரத்தில். கலையும் சாப்பாடும் வேண்டும், மற்றதை நீங்களே பாருங்கள் என்றார் மார்கரெட்.

"இது முழுக்க உன்னுடையது. இதை வைத்துத்தான் தீர்மானிப்பேன்" என்றார் ஹெலன்.

நான் முதலில் செய்த காரியம் ஸ்பானியத் தூதரக அலுவலகத்துக்குத் தொலைபேசி எடுத்தது. கனடியக் கடவுச்சீட்டு உள்ளவர்களுக்கு விசாவுக்கு என்னென்ன பத்திரங்கள் வேண்டும் என்று கேட்டேன். விசா தேவையில்லை என்றாள் அங்கே பேசிய பெண். வங்கிக் கடிதம்? தேவையில்லை. அங்கிருந்து அழைப்புக் கடிதம்? தேவையில்லை.

"அதை எழுத்தில் தர முடியுமா?"

"எதை?"

"ஒன்றும் தேவையில்லை என்பதை."

தங்களிடம் அப்படி ஒரு கடிதம் இல்லை என்றாள். அன்றைக்கு முழுக்க எனக்கு அதே யோசனை. ஒரு பத்திரமும் இல்லாமல் இரண்டு பேரை எல்லைக்கு அனுப்புகிறேன்.

நூலகத்தில் இருந்து ஐந்து புத்தகங்கள் கொண்டுவந்து படித்தேன். எண்ணூறுக்கும் மேற்பட்ட தூண்கள் நிற்கும் ஒரு பெரிய பள்ளிவாசல். அதன் நடுவிலேயே பிற்காலத்தில் கட்டிய ஒரு தேவாலயம். வெளியே ஆரஞ்சுப் பழம் காய்க்கும் தோடை மரங்கள் நிற்கும் முற்றம். ரோமர் காலத்துப் பாலம். ஒடுங்கிய வீதிகள், சுவரெல்லாம் பூச்சட்டிகள். இரவுச் சாப்பாட்டுக்கு முன் சமையலறை மேசையில் இவற்றை வாசித்துக்கொண்டிருப்பேன். தேங்காய் திருவிக்கொண்டே அம்மா கேட்பார்.

"என்னவாம் சாப்பாடு?"

"தக்காளியையும் பாணையும் உள்ளியோட அரைச்சு, சூடாக்காமல் குளிராய்க் குடுப்பினமாம்."

"அடுப்பில்லாத வீடே?"

"கத்தரிக்காயைப் பொரிச்சு மேல தேன் விடுவினமாம்."

"ஆருக்கும் வருத்தமோ? மருந்துக்கெல்லோ தேன் விடுறது."

தங்கை தர்சினி பத்தாம் வகுப்பு. காதில் பாட்டுக் கேட்கும் கருவியை மாட்டியபடி சிரித்தாள். "அம்மா, தே ஆர் கோயிங் ஃபோர் ஃபன். உங்களுக்கு விளங்காது."

எனக்கும் விளங்கவில்லை என்பதை நான் அவளுக்குச் சொல்லவில்லை.

திட்டத்தை அரை மணித்தியாலக் கட்டங்களாகப் போட்டேன். வெறும் கட்டம் ஒன்றும் விடவில்லை. எங்களுக்குப் பயணத்தில் சும்மா நிற்கும் நேரம் என்றால் பிடிபடும் நேரம். எல்லாப் பத்திரத்திலும் மூன்று பிரதி எடுத்து வைத்தேன். ஹோட்டல் விலாசத்தைத் தனி அட்டையில் பெரிய எழுத்தில் எழுதினேன்.

"இந்த அட்டை எதற்கு?" என்று கேட்டார் மார்கரெட்.

"வழி தவறினால் யாரிடமாவது காட்டலாம்."

"ஐயோ, கொஞ்சம் வழி தவறத்தானே போகிறோம்!"

நான் சிரித்தேன். ஆனால் வழி தவறுவதற்காக ஒருவர் பயணம் போவார் என்பதை எனக்கு எந்த வகுப்பிலும் படிப்பிக்கவில்லை.

3

எல்லாம் முடிந்து கோப்பைக் கட்டப்போகும் நாளில் அம்மா அந்தக் கேள்வியைக் கேட்டார்.

"எல்லாம் சரி. அந்த ஊரில ஆர் நிக்கினம்?"

"ஆர் எண்டால்?"

"அதுகள் போய் இறங்க, ஸ்டேசனில ஆர் நிக்கினம்?"

"ஒருத்தரும் இல்லை அம்மா. அவை தாங்களாய்ப் போவினம்."

"வயசு போன ரண்டு சீவன்கள். ஒருத்தரும் இல்லாத ஊருக்கு எப்பிடியடி அனுப்புவாய்?"

நான் முதலில் சிரித்தேன். பிறகு அந்தக் கேள்வி என்னை விட்டுப் போகவில்லை. நான் கனடாவுக்கு மூன்று நாடுகள் தாண்டி வந்தவள். ஒவ்வோர் இடத்திலும் முன்பின் தெரியாத யாரோ ஒருவர் என் படத்தைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். எந்த நாடு, எந்தக் கட்டடம் என்பதெல்லாம் எனக்கு ஞாபகம் இல்லை. நின்ற ஆட்களின் முகம் ஞாபகம் இருக்கிறது. ஓர் இடத்தில் மட்டும் ஒருவரும் நிற்கவில்லை. அந்தப் பதினொரு மணித்தியாலங்களைப் பற்றி நான் இங்கே எழுதப்போவதில்லை.

எங்கள் கட்டடத்தில் மேல்மாடியில் பரமேஸ் அன்ரி இருக்கிறார். உடுப்புத் தோய்க்கும் அறையில் நாங்கள் சந்தித்தபோது அம்மா அவருக்கு இந்தக் கதையைச் சொல்லிவிட்டார்.

"எங்கட சிவம் ஸ்பெயினில தானே நிக்கிறான்! அவனைக் கேளன் பிள்ளை" என்றார் அன்ரி.

சிவம் அண்ணை அன்ரியின் தம்பி. கனடாவுக்கு வரவேண்டியவர். களவாய் ஆட்களை வெளிநாட்டுக்கு அனுப்பும் ஏஜென்சிக்காரன் அவரை ஸ்பெயினில் இறக்கி, "சனி ஞாயிறு ரண்டு நாள் நில்லுங்கோ, திங்கள் கனடா பிளைற்" என்று சொல்லிவிட்டுப் போனவன்தான். ஏழு வருடம். இப்போது அங்கேயே பத்திரம் கிடைத்து, மலகா என்ற கடற்கரை நகரத்தில் ஒரு ஹோட்டல் சமையலறையில் வேலை.

"அன்ரி, அவர் மலகாவில. இவை போறது கோர்டோபாவுக்கு."

"எவ்வளவு தூரம்?"

"பஸ்ஸில மூண்டு மணித்தியாலம் வரும்."

"அவ்வளவுதானே! இஞ்ச ஒட்டாவாவுக்குக் கலியாண வீட்டுக்குப் போய் அண்டைக்கே திரும்பி வாறம்."

ரெலிபோனில் சிவம் அண்ணை ஏன், எதற்கு என்று ஒன்றும் கேட்கவில்லை.

"எத்தினை மணிக்குத் தங்கச்சி ரெயின்?"

"வெள்ளிக்கிழமை மூண்டு நாற்பதுக்கு. சும்மா ஒருக்கா முகத்தைக் காட்டி, ஹோட்டல் வாசல் மட்டும் கூட்டிக்கொண்டு போய் விட்டால் காணும் அண்ணை."

"நான் மூண்டுக்கே நிப்பன். நீ பேப்பரை அனுப்பு."

நான் திட்டம் முழுவதையும் தமிழில் ஒரு தாளில் எழுதி அனுப்பினேன். அவர்கள் எங்காவது தடுமாறினால் எங்கே நிற்பார்கள் என்று அவருக்குத் தெரியட்டும் என்பதுதான் என் நினைப்பு. மார்கரெட்டின் பிரதியில் "நிலையத்தில் ஒருவர் வரவேற்பார்" என்று ஒரு வரி சேர்த்தேன். ஹெலன் அதை வாசித்து, ஹோட்டல்காரர் அனுப்பும் ஆள் என்று எண்ணிக்கொண்டார். நான் திருத்தவில்லை. கேட்டால் சொல்லலாம் என்று இருந்தேன். அவர் கேட்கவில்லை.

4

அவர்கள் திரும்பி வந்து மூன்றாம் நாள் மார்கரெட் அலுவலகத்துக்கு வந்தார். கையில் படக் கட்டு. ஹெலனும் என் மேசைக்கு வந்து பக்கத்தில் நின்றார்.

"சிவம் என்பவர் யார்?" என்று கேட்டார் மார்கரெட்.

நான் பதில் சொல்வதற்கு முன் அவரே சொல்லத் தொடங்கினார். நிலையத்தில் இவர்களின் பெயரை எழுதிய மட்டையோடு ஒருவர் நின்றிருக்கிறார். கலியாண வீட்டுக்குப் போகிறவர்போல வெள்ளைச் சேட்டு. இரண்டு பெட்டியையும் பறித்துக்கொண்டு முன்னே நடந்திருக்கிறார். ஹோட்டல் வாசலில் நன்றி சொல்லிப் பிரிந்தார்கள். அத்தோடு முடிந்தது என்றுதான் நினைத்தார்கள்.

அடுத்த நாள் காலை ஒன்பது மணிக்குப் பள்ளிவாசல் என்று என் திட்டம் சொன்னது. இவர்கள் பத்து மணிவரை தூங்கிவிட்டு, ஆறுதலாகக் கோப்பி குடித்து, பதினொன்றுக்குப் போனார்கள். தோடை மர முற்றத்தில் சிவம் நின்றார். ஒன்பதில் இருந்து நின்றிருக்கிறார்.

"எங்களைப் பின்தொடர்கிறார் என்று வோல்ட்டர் பயந்துவிட்டார். ஹோட்டலுக்குத் திரும்பி வரவேற்பில் சொன்னோம். பொலிசைக் கூப்பிடவா என்று கேட்டார்கள். நான் வேண்டாம் என்றேன். ஏன் வேண்டாம் என்றேன் என்று இன்னும் எனக்குத் தெரியாது."

ஏழு வருடம், பத்திரம் கிடைத்த பிறகும், ஒரு பொலிஸ்காரன் கண்ணிலும் படாமல் ஒதுங்கி நடந்த மனிதர். நான் எழுதிய தாளைக் கையில் வைத்துக்கொண்டு, ஒரு வெள்ளைக்காரத் தம்பதிக்குப் பின்னால்.

மார்கரெட் தொடர்ந்தார். அதன் பிறகு அவர்கள் என் திட்டத்தை மடித்துப் பெட்டிக்குள் வைத்துவிட்டு மனம் போன வீதிகளில் நடந்தார்கள். பின்னேரம் நான்கு மணியளவில், தற்செயலாக ரோமர் பாலத்துக்கு வந்தார்கள். நடுப் பாலத்தில் சிவம் நின்றார்.

"அப்போது நான் நேரே போய் ஸ்பானிஷில் கேட்டேன், உனக்கு என்ன வேண்டும் என்று. அவர் கையில் இருந்த தாளைக் காட்டி ஸ்பானிஷில் வாசித்துச் சொன்னார். நான்கு மணி, பாலம். அப்போதுதான் எனக்கு விளங்கியது. அவர் பின்தொடர்ந்தது எங்களை அல்ல. உன் அட்டவணையை. நாங்கள்தான் இடைக்கிடை அவரைக் கடந்து போயிருக்கிறோம்."

ஆற்றங்கரையில் உட்கார்ந்து பேசியிருக்கிறார்கள். அவருடைய ஸ்பானிஷ் சமையலறை ஸ்பானிஷ், வேகமானது, பாதி கெட்ட வார்த்தை என்று சிரித்தார் மார்கரெட். ஸ்பெயினுக்கு எப்போது வந்தாய் என்று கேட்டதற்கு, ஒரு சனி ஞாயிறுக்கு வந்தேன் என்றாராம். ஏழு வருடத்தில் மலகாவை விட்டு எங்கும் போகவில்லையாம். கோர்டோபாவை அவரும் அந்தப் பயணத்தில்தான் முதன்முதல் பார்த்தாராம்.

பிறகு பையைத் திறந்திருக்கிறார். ஒலிவ் எண்ணெயில் தாளித்த எலுமிச்சம் சாதம், அவித்த முட்டை, பொரித்த மிளகாய். ஊர்ச் சாப்பாடு இவர்களுக்குப் பிடிக்காமல் போனால் என்ன செய்வது என்று வெள்ளி விடியச் சமைத்து, பழுதாகாமல் தான் தங்கிய ஹோட்டல் அறைக் குளிர்பெட்டியில் வைத்து எடுத்து வந்திருக்கிறார். நான் அவர்களுக்கு அந்த நகரத்தின் பெயர்பெற்ற சாப்பாட்டுக் கடையில் மேசை ஒதுக்கி வைத்திருந்தேன். அங்கே அவர்கள் போகவே இல்லை.

"வோல்ட்டர் இரண்டு தரம் வாங்கிச் சாப்பிட்டார். மிளகாயையும்" என்றார் மார்கரெட். அதைச் சொல்லும்போது அவர் கோபமாக இருக்கிறாரா சந்தோஷமாக இருக்கிறாரா என்று அவர் முகத்தில் என்னால் வாசிக்க முடியவில்லை.

அவர் போனதும் ஹெலன் என்னைத் தன் அறைக்குக் கூப்பிட்டார்.

"வாடிக்கையாளரின் பெயரையும் ரயில் நேரத்தையும் ஹோட்டலையும் ஒரு வெளியாளுக்குக் கொடுத்தாய்."

"வெளியாள் இல்லை. எங்கள் அன்ரியின் தம்பி."

"உன் சொந்தக்காரரா?"

"இல்லை. அன்ரி எங்கள் கட்டடத்தில் மேல்மாடியில் இருக்கிறவர்."

"நீ அந்த மனிதரை எப்போதாவது சந்தித்திருக்கிறாயா?"

"இல்லை."

ஹெலன் கேட்ட ஒவ்வொன்றும் சரியான கேள்வி. நான் சொன்ன ஒவ்வொன்றும் உண்மையான பதில். இரண்டையும் ஒரு தாளில் எழுதினால், நான் வேலையை விட்டு நிறுத்தப்பட வேண்டியவள் என்பது எனக்கே தெரிந்தது. படித்தவள் என்ற பெருமை எனக்கு நிறைய உண்டு. அந்த அறையில் அது எங்கே போனது என்று தெரியவில்லை.

5

மார்கரெட் எழுதி அனுப்பிய கடிதத்தை நேற்று ஹெலன் எனக்கு வாசிக்கத் தந்தார். இரண்டே பந்தி. முதற்பந்தியில், என் அனுமதி இல்லாமல் என் விபரங்களைப் பிறருக்குக் கொடுத்தது பெரும் தவறு, என் கணவர் அரை நாளைப் பயத்தில் கழித்தார் என்று இருந்தது. இரண்டாம் பந்தியில், அடுத்த வருடம் லிஸ்பனுக்குப் போகிறோம், அந்தப் பெண்ணே திட்டம் போடவேண்டும் என்று இருந்தது.

"இதை மூன்று தரம் வாசித்துவிட்டேன். உன்னை என்ன செய்வதென்று எனக்குத் தெரியவில்லை" என்றார் ஹெலன். "இன்னும் மூன்று மாதம் பார்ப்போம். லிஸ்பனைச் செய். ஆனால் இடங்களை மட்டும் எழுது. ஆட்களை எழுதாதே."

நான் சரி என்று கையெழுத்து வைத்தேன்.

மார்கரெட் தந்த படங்களில் ஒன்றைப் பரமேஸ் அன்ரியிடம் கொடுத்தேன். ஞாயிறு காலை எடுத்தது, தோடை மரத்தடியில் மூன்று பேர். ஏழு வருடத்துக்குப் பிறகு அன்ரி தம்பியின் முழு உருவத்தைப் பார்க்கிறார். படத்தை வெளிச்சத்துக்குத் திருப்பினார்.

"தலை முழுக்க நரைச்சுப் போச்சு. ஆர் உந்த வெள்ளைக்காரி? நல்ல உரிமையாய்த் தோளில கை போட்டுக்கொண்டு நிக்கிறா." சொல்லிச் சிரித்தவர் சட்டென்று நிறுத்தினார். "சேட்டை இஸ்திரி பண்ணிப் போட்டிருக்கிறான், பாத்தியே?"

இன்று சனிக்கிழமை. காலையில் லிஸ்பன் புத்தகங்களோடு சமையலறை மேசையில் இருந்தேன். முதல் வரியிலேயே அம்மா வந்துவிட்டார்.

"அங்க ஆர் நிக்கினம்?"

"ஒருத்தரும் இல்லை அம்மா. ஆக்களை எழுதக்கூடாதாம். வெளியால வந்து வரிசையில முதல் நிக்கிற டாக்சியில ஏறச் சொல்லி எழுதியிருக்கிறன்."

"பாவம் அதுகள்" என்றார் அம்மா.

பத்து மணிக்குக் கீழே தபால் பெட்டியைத் திறந்தபோது, நேற்று வந்த சிவம் அண்ணையின் கடிதம் கிடந்தது. பொலிஸ் கதையை அவர் அறிந்ததாகத் தெரியவில்லை. நான் மன்னிப்புக் கேட்டு எழுத நினைத்திருந்தேன். அவர் எழுதியிருந்தார்: "தங்கச்சி, அவர்கள் ஞாயிறு கடைசி இரண்டு இடத்துக்கும் வரவில்லை. ஒவ்வொன்றிலும் அரை மணித்தியாலம் நின்று பார்த்தேன். பிறகு நானே உள்ளே போய் எல்லாவற்றையும் வடிவாகப் பார்த்துவிட்டேன். வேறு ஊர் ஏதும் எழுதினால் எனக்கும் ஒரு கொப்பி அனுப்பு. எனக்கு வழமையாகத் திங்கள் செவ்வாய்தான் லீவு, இந்த முறை மாற்றி எடுத்தேன். ஆரும் வராவிட்டாலும் பரவாயில்லை."

லிஸ்பனை ஒதுக்கி வைத்துவிட்டு அவருக்காக கிரனாடா என்ற நகரத்தை எடுத்தேன். அதுவும் மலகாவில் இருந்து பஸ்ஸில் போகக்கூடிய தூரம்தான். திங்கள் ஒன்பது மணி, மலைமேல் இருக்கும் அரண்மனை. பன்னிரண்டரை, சாப்பாடு. அதற்குப் பிறகு, வழி தவறத்தானே போகிறோம் என்று மார்கரெட் சொன்னது நினைவில் வந்து, என் வாழ்க்கையில் முதன்முறையாக ஒரு பெரிய கட்டத்தை வெறுமையாக விட்டேன். இரண்டில் இருந்து ஐந்து வரை, ஒன்றுமில்லை.

விட்ட பிறகு பயம் பிடித்தது. இந்த மனிதரை எனக்குத் தெரியும். இரண்டு மணிக்கு எங்கே நிற்கிறாரோ, ஐந்து மணிவரை அந்த இடத்திலேயே நிற்பார். ஆகவே அந்தக் கட்டத்துக்குள் தமிழில் இப்படி எழுதினேன்: "விரும்பிய இடத்தில் இருக்கவும். ஒருவரும் வரமாட்டார்கள். காத்து நிற்க வேண்டாம்."

அப்படி ஒரு வசனத்தை ஒருவருக்கு எழுதி அனுப்பலாமா என்று எனக்குத் தெரியவில்லை. கடித உறை இன்னும் ஒட்டாமல் மேசையில் கிடக்கிறது. திங்கள் தபால் பெட்டிக்குப் போவதற்குள் தீர்மானிக்கவேண்டும்.